ஊத்தையாக்கும் உத்தியோகம்

லண்டனில் இருபத்தாறு வருடம் என்ன வேலை செய்தீர்கள் என்று யாராவது கேட்டால், புது உடுப்பை ஊத்தையாக்கும் வேலை என்று சொல்லுவேன். கேட்டவர் சிரிப்பார். நான் சிரிக்காமல் நிற்பதைக் கண்டதும் மெல்ல வாயை மூடிக்கொள்வார். அதற்குச் சம்பளம் தந்தார்கள், இப்போது பென்ஷனும் தருகிறார்கள் என்று சொன்ன பிறகுதான் நம்புவார்.

ஊர்ச்சங்க மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று பிள்ளைகள் மூன்று தரம் வீட்டுக்கு வந்துவிட்டார்கள். டாக்டர்மாரும் கணக்காளர்மாரும் எழுதுகிற மலர் அது. நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எழுத்துப் பிழை இருந்தால் திருத்திக்கொள்ளுங்கள். ஊத்தையைப் பற்றி நான் சொல்லுவதை மட்டும் திருத்த வேண்டாம். அதில் என்னைவிடப் படித்தவர் உங்களில் ஒருவரும் இல்லை.

எழுதச் சம்மதித்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு. போன மாதம் பழைய பட்டறைக்கு ஒரு தேநீர் விருந்துக்குப் போயிருந்தேன். அங்கே இப்போது ஒரு இயந்திரம் வந்திருக்கிறது. அது துணியில் ஊத்தையை அச்சடிக்கிறது. முழங்கைத் தேய்வு, சேறு, வியர்வைக் கறை எல்லாம் கம்ப்யூட்டரில் இருந்தே வருகிறது. புதிதாகச் சேர்ந்த பெண்கள் ஒரு சட்டையைத் தூக்கிக் காட்டி, எப்படி இருக்கிறது என்று கேட்டார்கள். "இரண்டு முழங்கையும் ஒரே அளவாகத் தேய்ந்திருக்கிறதே, இவனுக்கு இரண்டு கையும் வலக்கையோ?" என்று கேட்டேன். ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு கதிரை போட்டு இருத்தி, பழைய கதை சொல்லச் சொன்னார்கள். அவர்களுக்கு அரைகுறை இங்கிலிஷில் சொன்னதை உங்களுக்கு ஆறுதலாக, முழுசாகச் சொல்லுகிறேன்.

லண்டனுக்கு வந்த புதிதில் ஒரு சலவைத் தொழிற்சாலையில் ஹோட்டல் விரிப்புகளுக்கு இஸ்திரி போட்டேன். ஏழு வருடம் வெள்ளையைத் தவிர வேறு நிறத்தை நான் கண்ணால் காணவில்லை. அப்போது டிவி நாடகங்களுக்கு உடுப்புத் தைக்கிற ஒரு பட்டறையில் இரண்டு கிழமைக்கு, பதினாலு நாளுக்கு, இஸ்திரிக்கு ஆள் தேவை என்றார்கள். போனேன். எங்கள் வீட்டுக்குக் கிட்ட மோர்டனில்தான் ரயில் புறப்படுகிறது என்பதால் காலையில் நிற்காமல் இருக்கையில் இருந்துகொண்டு போகலாம். அந்த ஒரு வசதிக்காகத்தான் ஓம் என்றேன். இரண்டு கிழமை இருபத்தாறு வருடமாகப் போகும் என்று தெரிந்திருந்தால் இருக்கையில் போட ஒரு தலையணையும் கொண்டுபோயிருப்பேன்.

அங்கே எல்லாவற்றுக்கும் மேலாள் மார்கரெட். மெலிந்த வெள்ளைக்காரப் பெண்மணி. கொண்டைக்குள் எப்போதும் ஒரு பென்சில், கழுத்தில் இரண்டு மூக்குக்கண்ணாடி. சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. வேலை நன்றாக வந்தால் "ம்" என்பார். கெட்டுப்போனால் "லவ்லி" என்பார். புதிதாக வருகிறவர்களுக்கு இது தெரியாது. "லவ்லி" கேட்டுப் பூரித்துப்போய், அடுத்த கிழமை வேலை இல்லாமல் நின்ற ஒரு பெண்ணை எனக்குத் தெரியும்.

நான் போன மூன்றாம் நாள். ஒரு ஏழைத் தாயின் சட்டையை ஊத்தையாக்கும்படி ஒரு பெண்ணிடம் கொடுத்திருந்தார்கள். அவள் கத்தியால் நாலு இடத்தில் கிழித்து, சேறு போல ஒன்றைக் கரைத்து விசிறியிருந்தாள். அதற்கு நான் இஸ்திரி போட வேண்டும். பெட்டியை நிறுத்திவிட்டு, என்னை அறியாமலே "நோ, நோ" என்று தலையாட்டிவிட்டேன். எனக்குப் பின்னால் மார்கரெட் நின்றிருந்தார்.

"ஏன் நோ?"

சொல்ல எனக்கு இங்கிலிஷ் போதாது. மேசையில் கிடந்த துணிச்சுருளைத் தூக்கி இடது இடுப்பில் வைத்தேன். பிள்ளை இடது இடுப்பில் இருக்கும், வலக்கைக்கு வேலை. அப்படியே நடந்து, குனிந்து, அடுப்பு ஊதி, கையைத் தொடையில் துடைத்துக் காட்டினேன். இடுப்பில் பிள்ளையின் கால் உரசுகிற இடம் நைந்து போகும். தோளில் பிள்ளை பிடித்து இழுக்கிற இடம் தொய்யும். வலது தொடையில் கைத்துடைப்பு படியும். முதுகு மட்டும் புதுசாகவே இருக்கும், ஏனென்றால் அவளுக்குச் சாய்ந்திருக்க நேரமே இல்லை. பட்டறை முழுவதும் வேலையை விட்டுவிட்டு என்னைப் பார்த்தது. மார்கரெட் பத்தடி பின்னால் போய், கண்ணைப் பாதி மூடிக்கொண்டு, சட்டையைப் பார்க்காமல் என்னையே பார்த்தார்.

"ம்" என்றார்.

அடுத்த நாள் இஸ்திரிப் பெட்டியை வேறு ஒருத்தியிடம் கொடுத்துவிட்டு, என்னிடம் சீஸ் துருவியும் கம்பித் தூரிகையும் தந்தார். நான் உத்தியோகத்தில் ஏறிய விதம் இதுதான்.

வேலைமுறையைச் சொல்லிவிடுகிறேன், மலர் படிக்கிறவர்கள் வீட்டில் செய்து பார்க்க வேண்டாம். தைத்து முடிந்த புது உடுப்பு என் மேசைக்கு வரும். அதோடு ஒரு தாள் குத்தியிருக்கும். எனக்கு இங்கிலிஷ் எழுத்து ஓடாது என்பதால் மார்கரெட் அதில் படம் கீறித் தருவார். இவன் குதிரை ஓட்டுகிறவன், வாள் இடப்பக்கம் தொங்கும், இந்த உடுப்போடுதான் படுக்கிறான், மனைவி இல்லை. மனைவி இல்லை என்பதற்கு ஒரு கிழிசலைக் கீறி, அதைத் தைக்காமல் விட்டிருப்பார். முதலில் உடுப்பைக் கல்லோடு சீமெந்து கலக்கும் இயந்திரத்தில் போட்டுச் சுழற்றுவோம். அதில் புதுத்துணியின் கர்வம் அடங்கும். பிறகு ஈரத்தோடு தொங்கவிட்டு, தொய்ய வேண்டிய இடத்தில் பாரம் கட்டுவோம். தேய வேண்டிய இடத்தைத் துருவியால் தேய்ப்பேன். மெழுகையும் நிறத்தையும் கலந்து கழுத்திலும் கையோரத்திலும் விரலால் பூசுவேன். கடைசியில் மண்தூள். நடிகர்கள் மாறினாலும் இந்த ஒழுங்கு மாறாது.

வீட்டில் என்னுடைய கணவருக்கு இது ஒரு பகிடி. நாடகம் ஓடும்போது கதையைப் பார்க்க மாட்டார். ராசா செத்துக்கிடப்பார், ராணி அழுவார், இவர் எட்டிப் பார்த்து, "பரமேஸ், உது உன்ரை ஊத்தையோ, இல்லை அவன்ரை சொந்த ஊத்தையோ?" என்று கேட்பார்.

இனி, ரோமர் கதைக்கு வருகிறேன்.

ரோமர் இந்த நாட்டை விட்டுப் போன பிறகு நடக்கிற ஒரு பெரிய நாடகம் எங்களுக்கு வந்தது. முதல் வாரத்திலேயே ரோமப் படை கப்பல் ஏறிவிடும். பிறகு மிஞ்சியவர்கள் அடிபட்டு, பிடிபட்டு, ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டு திரிவார்கள். போகிற போக்கில் ரோமர் குளிக்கிற இடங்களையும் பூட்டித் திறப்பைக் கொண்டுபோய்விட்டார்கள் போல. அதற்குப் பிறகு அந்த நாடகத்தில் ஒருவரும் குளிக்கவில்லை. எங்களுக்கு இருநூறுக்கு மேல் உடுப்பு. ரோமர் போனதால் பிழைத்தவள் இந்த நாட்டில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

சாயம் போட அந்த முறை புதிதாக ஓர் ஆள் எடுத்தார்கள். குணம். எங்கள் ஊர்ப் பகுதி ஆள்தான், ஆனால் பதினைந்து வருடம் ஜேர்மனியில் சாயத் தொழிற்சாலையில் நின்று, பிறகு குடும்பத்தோடு லண்டனில் செவன் கிங்ஸுக்கு வந்தவர். என்னைவிட இரண்டு மாதம்தான் இளையவர். அந்த இரண்டு மாதத்தைச் சாட்டாக வைத்து என்னை அக்கா என்று கூப்பிடுவார். அவருடைய மேசையில் கரண்டிகள் உயர வரிசைப்படி இருக்கும்.

"அக்கா, உங்கட மேசையைப் பாத்தால் எனக்குத் தலை சுத்துது. ஜேர்மனியில எண்டால் இப்பிடி ஒரு மேசையோட உங்களை வாசலுக்குள்ளயே விடமாட்டாங்கள்."

"ஊத்தை செய்யிற மேசை பின்னை எப்பிடிக் கிடக்கும், குணம்? நீங்கள் போய் உங்கட சட்டியை மூடுங்கோ. நேற்றும் மார்கரெட் சொன்னவ."

அது உண்மை. பழைய ரோமப் படைவீரர்களின் போர்வைகளுக்காக ஒரு பெரிய சட்டியில் சிவப்புச் சாயம் கொதித்துக்கொண்டே இருந்தது. ஒருமுறை அது தெறித்து ஒருவனின் காற்சட்டை பாழாய்ப் போயிற்று. மூடியைப் போட்டு வை என்று மார்கரெட் இரண்டு தரம் சொல்லியிருந்தார். அவர் எதையும் மூன்றாம் தரம் சொல்லுவதில்லை.

அந்த நாடகத்தில் ஒரு உடுப்பு மட்டும் தனி. போன ரோமத் தளபதி ஒருவனின் விதவை, ஒரு வெள்ளை அங்கியை நாற்பது வருடம் பெட்டிக்குள் பத்திரமாக வைத்திருந்து, பேத்தியின் கலியாணத்தன்று எடுத்து உடுத்துகிறாள். அந்தக் காட்சிக்காகத்தான் அந்த முழு வாரமும். மற்ற உடுப்புகளுக்கு எப்போதும் மூன்று நாலு பிரதி தைப்போம், ஒன்று கெட்டால் மற்றது. இதற்கு இல்லை. மார்கரெட் தன்னுடைய தாய் விட்டுப்போன கைத்தறிப் பழந்துணி ஒன்றைக் கொண்டுவந்து வெட்டினார். அதற்கு மேல் அந்தத் துணி ஒரு முழமும் கிடையாது.

என் மேசையில் அதை வைத்துவிட்டு, "பரா, இது ஊத்தை இல்லை. ஆனால் பழசு" என்றார். பரமேஸ் அவருடைய வாயில் பராதான்.

ஊத்தை இல்லாத பழசு. இருபத்தாறு வருடத்தில் அதுபோல ஒரு வேலை எனக்கு வரவில்லை. துருவி வேண்டாம், மண் வேண்டாம், மெழுகு வேண்டாம். பின்னை எதனால் பழசாக்குவது? வீட்டுக்குப் போய் என் கலியாணக் கூறைச்சேலையை விரித்து வைத்துப் பார்த்தேன். முகம் பழசாகவில்லை. மடிப்புத்தான் பழசாகியிருந்தது. மடிப்பின் மேல்முனை பழுத்திருந்தது, உள்மடிப்பு அப்படியே கிடந்தது. எந்த மடிப்பு மேலே இருந்தது, எது கீழே இருந்தது என்று துணி தானாகவே சொன்னது.

அடுத்த நாள் அந்த அங்கியை ஒரு விதவை எப்படி மடிப்பாளோ அப்படி மடித்தேன். வருடத்துக்கு ஒருமுறை எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடி மடிப்பாள், எப்போதும் அதே கோட்டில் மடிய மாட்டாது, ஒரு நூல் விலகும். ஆகையால் மடித்து, ஆவி பிடித்து, வெறும் தேயிலைச் சாயத்தை மடிப்பின் விளிம்பில் மட்டும் தொட்டு, காயவிட்டு, ஒரு நூல் விலக்கி மறுபடி மடித்தேன். ஒன்பது நாள். ஒன்பதாம் நாள் மார்கரெட் வந்து, பத்தடி பின்னால் போய்ப் பார்த்தார். பிறகு கிட்ட வந்தார். கையைக் கழுவிவிட்டு வந்து மடிப்பைத் தொட்டார். "ம்" என்றுகூடச் சொல்லவில்லை. அப்படியே போய்விட்டார். அன்று ரயிலில் எனக்கு இருக்க இடம் தேவைப்படவில்லை.

மிச்சம் ஒரே ஒரு வேலை. தேயிலை நிறம் கொஞ்சம் ஆழ இறங்குவதற்கு, சலவைச் சோடாத் தண்ணீரில் ஒருதரம் முக்கி எடுக்க வேண்டும். அது குணத்தின் பகுதி. அவர் பின்னேரம் முக்கி, ஈரம் ஒற்றுகிற துவாயில் வைத்து உருளையாகச் சுற்றி வைத்துவிட்டுப் போனார்.

அடுத்த நாள் காலை எட்டரைக்கு எல்லோரும் சுற்றி நிற்க, மார்கரெட் துவாயை விரித்தார். அங்கியின் கீழ் ஓரத்தில் பாக்களவில் ஒரு சிவப்பு. அதற்கு மேலே ஒரு சாண் தள்ளி இன்னொன்று, கொஞ்சம் சின்னது. அதற்கும் மேலே இன்னும் இரண்டு. வெள்ளைத் துணியில் இரத்தம் சொட்டியது போல.

எல்லோருடைய கண்ணும் சிவப்புச் சட்டிக்குப் போனது. மூடி பக்கத்தில் சாய்த்து வைத்திருந்தது.

"நான் மூடினனான்! இப்ப காலமைதான் திறந்தனான்!" குணம் பதற்றத்தில் தமிழில் சொன்னார். பிறகு இங்கிலிஷில் சொன்னார். ஜேர்மனிலும் சொன்னார் என்று நினைக்கிறேன்.

மார்கரெட் இரண்டு கண்ணாடியையும் மாறி மாறிப் போட்டுப் பார்த்தார்.

"லவ்லி, குணம்" என்றார்.

அந்த வெள்ளிக்கிழமைதான் நாடகத்தின் அடுத்த பகுதிக்கு யார் யார் நிற்பது என்று அவர் பெயர் சொல்ல இருந்தார். குணத்தின் பெயர் வெட்டப்பட்டுவிட்டது என்பது அங்கே நின்ற எல்லோருக்கும் விளங்கியது.

எனக்கு வேறொன்றும் விளங்கியது. அந்த முதல் சிவப்பு இடது ஓரத்தில், மூலையில் இருந்து மூன்று விரல் தள்ளி இருந்தது. அந்த இடம் எனக்கு நன்றாகத் தெரியும். அங்கே நான்தான் மஞ்சள் தொட்டிருந்தேன்.

புது உடுப்பு என்றால் மூலையில் மஞ்சள் தொடாமல் ஒருவர் மேலில் ஏறக் கூடாது. என் வீட்டில் பள்ளிக்கூடச் சட்டைக்கும் தொட்டுத்தான் கொடுத்தேன். பட்டறைக்கு வந்த முதல் நாளில் இருந்து என் கைக்கு வந்த ஒவ்வொரு புது உடுப்பிலும், வேலை தொடங்கும் முன், உள்பக்க மூலையில் ஒரு பொட்டு வைத்திருக்கிறேன். இந்த உடுப்போடு குதிரையில் ஏறுகிறார்கள், வாளெடுத்து வீசுகிறார்கள், யாரோ பெற்ற பிள்ளைகள். ஒருவருக்கும் சொன்னதில்லை. மற்ற உடுப்பெல்லாம் மண்ணிறம், அதில் மஞ்சள் என்ன, சிவப்பு என்ன. இந்த அங்கி மார்கரெட்டின் தாய் விட்டுப்போன துணி என்பதால் அன்றைக்குக் கொஞ்சம் தாராளமாகவே குழைத்துத் தொட்டிருந்தேன். சோடா பட்டிருக்கிறது, குணத்தின் கண்ணில் படாமல் உள்பக்கம் சிவந்திருக்கிறது. ஈரத்தோடு உருட்டிச் சுற்றியதால் சுற்றுக்குச் சுற்று ஊறி மேலே பிடித்திருக்கிறது. மஞ்சளும் சுண்ணாம்பும் சேர்ந்தால் சிவக்கும் என்று தெரியாமல் ஆலாத்தி கரைத்த பெண் எங்களில் உண்டோ? வாழ்நாளில் எத்தனை ஆலாத்தி கரைத்தவள் நான். சோடாவும் சுண்ணாம்புக்குத் தம்பிதான் என்று அன்றுவரை யோசிக்கவில்லை.

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அந்தப் பட்டறையில் ஒரு பிழையும் விடாதவள் என்று பெயர் எடுத்து வைத்திருந்தேன். அந்தப் பெயரை அந்தச் சின்னப் பெண்களுக்கு முன்னால், கறித்தூளைக் காரணம் காட்டி இழக்க மனம் வரவில்லை. என் மேசைக்குப் போய் ஒரு தோல் சப்பாத்தை எடுத்துத் தேய்க்கத் தொடங்கினேன். அந்தச் சப்பாத்து அந்த நாடகத்தில் வரவே இல்லை, நான் தேய்த்ததில் மிச்சம் ஒன்றும் இருக்கவில்லை.

மத்தியானம் சாப்பாட்டு மேசையில் குணம் எனக்கு முன்னால் இருந்தார். புட்டுப் பெட்டியைத் திறக்காமல் கையை அதன் மேல் வைத்திருந்தார்.

"சாப்பிடுங்கோ, குணம்."

"ஏலாது அக்கா." பெட்டியைத் தள்ளி வைத்தார். "பிள்ளையளுக்கு இப்பத்தான் இங்கிலிஷ் வருது. ஜேர்மன் சிநேகிதரை நினைச்சு அழுறதை இப்பத்தான் நிப்பாட்டினவை. வீட்டுக்காரி இப்பத்தான் பக்கத்து வீட்டு ஆக்களோட கதைக்கத் தொடங்கினவ. ஊரில இருந்து ஜேர்மனி, ஜேர்மனியில இருந்து லண்டன். இனி எங்கை கூட்டிக்கொண்டு போறது, சொல்லுங்கோ?"

நான் என் சோற்றுப் பெட்டியை மூடினேன்.

"குணம், அது உங்கட சிவப்பு இல்லை."

"பின்னை?"

"என்ரை மஞ்சள்."

அவர் என் முகத்தைப் பார்த்தார். மூலை, சோடா, சுற்று என்று அவருடைய மூளை ஒவ்வொன்றாக எண்ணுவது எனக்குத் தெரிந்தது. திடீரென்று இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார்.

"ஆலாத்தி! ஐயோ அக்கா, நான் ஆலாத்தியையோ முக்கி எடுத்தனான்?"

"மெல்லமாக் கதையுங்கோ."

"எத்தினை உடுப்பில தொட்டிருக்கிறியள்?"

"எல்லாத்திலயும்."

"எல்லாத்திலயுமோ? அந்தக் காட்டு மனுசர்? அந்தத் தலைவெட்டிற ராசா?"

"அவனுக்கும் ஒரு தாய் இருப்பா தானே."

அவ்வளவு கவலைக்குள்ளும் அந்த மனிதர் சிரித்துவிட்டார். பிறகு முகம் மாறியது. "சொல்லாதேங்கோ அக்கா. எனக்குத்தான் லவ்லி சொல்லியாச்சு. நீங்களும் போய்ச் சொன்னால் ரெண்டு பேரையும் நிப்பாட்டுவா. ஒராளெண்டாலும் நிக்கட்டும்."

இதுதான் என்னை எழுப்பியது. என்னை ஒருவர் காப்பாற்றி, அந்த நிழலில் நான் நின்று உத்தியோகம் பார்ப்பதோ? அதுவும் இரண்டு மாதம் இளைய ஒருவர்? "எனக்கு உந்தப் பழக்கம் இல்லை, புட்டைச் சாப்பிடுங்கோ" என்று சொல்லிவிட்டு, கைப்பையில் இருந்த மஞ்சள் டப்பியை எடுத்துக்கொண்டு மார்கரெட்டின் அறைக்குப் போனேன்.

சொல்லி விளங்கப்படுத்த என்னிடம் இங்கிலிஷ் இல்லை, ஆகையால் செய்து காட்டினேன். ஒரு வெள்ளைத் துண்டில் மஞ்சளைக் குழைத்துத் தொட்டேன். சோடாத் தண்ணீரை ஊற்றினேன். சிவந்தது. குணம் கம்பளிக்குச் சாயம் பிடிக்க வைத்திருந்த வெள்ளை வினாகிரியை, அந்தப் புளிக்காடியை, ஊற்றினேன். மறுபடி மஞ்சளானது. மார்கரெட் பென்சிலைக் கொண்டையில் இருந்து எடுத்து, மறுபடி கொண்டையில் செருகினார்.

"எதற்காக?" என்றார்.

"நியூ க்ளோத். ஃபர்ஸ்ட் திஸ். தென் நோ ட்ரபிள்" என்றேன்.

அவர் மேசையில் விரித்திருந்த அங்கியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "நோ ட்ரபிள்?" என்று கேட்டார்.

எனக்கு முகம் சுட்டது. டப்பியை மூடினேன்.

"தெறித்ததென்றால் சாணளவு வைத்துத் தெறிக்காதே என்று காலையில் இருந்து யோசித்துக்கொண்டிருக்கிறேன்" என்றார். அப்படியென்றால் குணத்தை ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்க வாயெடுத்தேன். அவர் அதற்குள் எழுந்து போய்விட்டார். உடுப்புகள் தொங்கிய கம்பிகளுக்குப் போய், ஒவ்வொன்றாகப் பிடித்து உள்மூலையைத் திருப்பிப் பார்த்தார். குடியானவன், படைவீரன், கொள்ளைக்காரன், ராசா. எல்லாவற்றிலும் இடது மூலையில் ஒரு சின்ன மஞ்சள். இருபது உடுப்புக்கு மேல் பார்த்திருப்பார். நான் பின்னால் நின்றேன், குற்றவாளிக் கூண்டில் நிற்பது போல.

கடைசியில், "முதலில் அங்கியைக் காப்பாற்று" என்றார்.

வினாகிரியில் சிவப்பு மஞ்சளாகும், மஞ்சள் வெயிலில் வெளிறும். வினாகிரி எங்களிடம் இருந்தது. வெயில் லண்டனிடம்தான் கேட்க வேண்டும். லொறி வருகிற பெரிய கதவைத் திறந்து, வினாகிரி தொட்ட அங்கியை விரித்துப் பிடித்துக்கொண்டு நானும் குணமும் நின்றோம். முகில் வந்தால் அவர் மேலே பார்த்துத் திட்டுவார், நான் மேலே பார்த்துக் கும்பிடுவேன். இரண்டில் எது பலித்ததோ தெரியாது, இரண்டரை மணித்தியாலம் வெயில் எறித்தது. மேலே இருந்த மூன்று கறையும் போய்விட்டன. மூலையில் தொட்ட முதல் பொட்டு மட்டும் பிடிவாதமாக நின்றது. நான் தொட்டதல்லவா.

மார்கரெட் கறைக் கதையைச் சொல்லாமல் டைரக்டரோடு போனில் நீண்ட நேரம் கதைத்தார். அந்தக் கலியாணக் காட்சியில் எல்லோரும் நிற்க, விதவை மட்டும் கடைசிவரை எழும்பாமல் கதிரையில் இருப்பாள், இடது ஓரத்தைக் கதிரைக்கு அடியில் மடித்துக்கொண்டு. டிவியில் வந்தபோது, சொந்த அரசு போன பிறகும் எவனுக்கும் எழும்பாத பெண்ணின் கர்வம் அது என்று பெரிய ஆட்கள் பாராட்டினார்களாம். அவள் ஏன் எழும்பவில்லை என்பது இந்த நாட்டில் மூன்று பேருக்குத்தான் தெரியும். இப்போது உங்களுக்கும்.

வெள்ளிக்கிழமை வந்தது. முதலில் என்னைக் கூப்பிடவில்லை, குணத்தைக் கூப்பிட்டார். நான் கதவுக்கு வெளியே துருவியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவரை நிறுத்தினால் நானும் அந்தக் கதவாலேயே வெளியே போவது என்று கைப்பையைத் தோளில் போட்டிருந்தேன். கால்மணி நேரம் சென்று அவர் வந்தார். முகம் செத்த வீட்டு முகம்.

"என்னவாம், குணம்?"

"நான் நிக்கலாமாம் அக்கா."

"பின்னை ஏன் முகத்தை உப்பிடி வைச்சிருக்கிறியள்?"

"உங்களையும் நிக்கட்டாம்."

"அதுக்கோ இந்த முகம்?"

"கேளுங்கோவன். மஞ்சளை நிப்பாட்டச் சொல்லேல்லை. ஆனால் மஞ்சளும் ஒரு நிறமாம். நிறமெண்டால் சாயப் பகுதிக்குத்தான் போகவேணுமாம், பட்டறை ஒழுங்கு அதாம்." இப்போதுதான் முகத்தில் சிரிப்புக் கசிந்தது. "இண்டையில இருந்து மஞ்சள் என்ரை பொறுப்பு. டப்பியைத் தாங்கோ."

இருபத்தாறு வருடத்தில் எனக்கு மார்கரெட் கொடுத்த ஒரே தண்டனை அதுதான். கேட்டுப் பாருங்கள், அதைவிடப் பெரிய தண்டனை வேறு என்ன இருக்கிறது? அதற்குப் பிறகு ஒன்பது வருடம், ஒவ்வொரு புது உடுப்பையும் தூக்கிக்கொண்டு அந்த மனிதரின் மேசைக்கு முன்னால் போய் நின்றேன். உடுப்போடு வருகிற தாளில் அதற்கென்று ஒரு கட்டமும் போட்டுவிட்டார்கள். அந்தக் கட்டத்தில் அவர் அடையாளம் வைத்தால்தான் உடுப்பு என் மேசைக்கு வரும். ஜேர்மன் ஒழுங்கோடு மஞ்சளைச் சின்னக் கரண்டியால் அளந்து, காது துடைக்கிற பஞ்சுக் குச்சியால் தொட்டு வைப்பார்.

"எந்த மூலை, அக்கா?"

"உங்களுக்குத் தெரியாதோ?"

"கேட்டு எழுதவேணும் எண்டுதானே ஒழுங்கு."

"இடது."

ஒவ்வொரு உடுப்புக்கும் இதே பேச்சு.

நான் ஓய்வு பெற இருந்த கடைசி மாதத்தில் எனக்குக் கடும் காய்ச்சல். நாலு நாள் போக ஏலாமல் போயிற்று. திரும்பிப் போன காலையில், அந்த நாலு நாளில் தைத்த உடுப்புகள் ஒரு கம்பியில் தொங்கின. கேட்க நான் இல்லை, பொட்டு வைக்கச் சொல்ல ஒருவரும் இல்லை. கட்டத்தில் அடையாளம் வைத்து அனுப்பினால் யார் உள்ளே திருப்பிப் பார்க்கப் போகிறார்கள்? நான் ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்தேன். முப்பத்தொரு உடுப்பு. முப்பத்தொன்றிலும் இடது மூலையில், மூன்று விரல் தள்ளி, மஞ்சள் இருந்தது.

குணம் தன்னுடைய மேசையில் கரண்டிகளைத் துடைத்தபடி, என்னைப் பார்க்காதது போல நின்றார்.

"பொட்டுக் கொஞ்சம் பெரிசாப் போச்சு" என்றேன்.

"ஓம் அக்கா" என்றார். "நீங்கள் காய்ச்சலாய்க் கிடந்தியள், அதுதான்."